மெட்டுக்குள் இந்தோனேசிய மொழி

அனிமேஷன் இசைப்படத்தை டப்பிங் செய்வதில் வசனத்தை எப்படியும் சமாளித்துவிடலாம். பாட்டுதான் பாடாய்ப் படுத்தும். வாத்திய இசையும் பின்னணி ஒலிகளும் மூலப்படத்தில் இருந்தபடியே வரும், குரல் மட்டும் புதிது. மெட்டின் நீளத்தை மாற்ற வழியில்லை. பாத்திரத்தின் உதடுகள் ஒட்டும் இடத்தில் ப, ம போன்ற எழுத்தும், வாய் அகலத் திறந்து சுரத்தை நீட்டும் இடத்தில் ஆகாரமும் விழ வேண்டும். இத்தனை கெடுபிடிக்குள்ளும் இந்தோனேசியப் பாடல்கள் காதுக்கு இதமாக இருப்பதற்கு அந்த மொழியின் ஒலியமைப்பே முதல் காரணம் என்பேன்.

தமிழில் குறிலை நீட்டினால் கல் காலாகிவிடும். இந்தோனேசிய மொழியில் குறில், நெடில் பேதம் பொருளை மாற்றுவதில்லை. எந்த உயிரையும் சுரம் கேட்கும் அளவுக்கு இழுக்கலாம். தாய்லாந்து, வியட்நாமிய மொழிகளைப் போல ஏற்ற இறக்கத்தால் சொல்லே மாறும் தொல்லையும் இல்லை. ஆங்கிலத்தில் அழுத்தம் தவறான அசையில் விழுந்தால் சொல் சிதைகிறது. இங்கே அழுத்தம் மென்மையானது, தாளம் தள்ளும் பக்கம் நகர்ந்துகொடுக்கும்.

அப்படியென்றால் வேலை சுலபமா? இல்லை, சொற்கள் நீளமானவை. 'ஐ லவ் யூ' மூன்றே அசை. அதையே 'ஆகு சிந்தா பாடாமு' என்றால் ஏழு. இங்கேதான் பாடலாசிரியரின் கைவண்ணம் தெரிகிறது. 'நான்' என்று பொருள்படும் 'ஆகு'வை 'கு' என்று சுருக்குவார், சொல்லின் நடுவே மெலிந்து ஒலிக்கும் உயிரை விழுங்குவார். 2016இல் வந்த மோவானா படத்தின் முக்கியப் பாடலுக்கு இந்தோனேசியத் தலைப்பு 'செப்ராபா ஜாவு கு மெலாங்கா'. 'செபெராபா' ஓர் அசையை இழந்து 'செப்ராபா' ஆனதும், 'நான்' வெறும் 'கு'வாக நிற்பதும் அந்த ஒரே வரியில் இருக்கின்றன. பாடகி மௌடி ஆயுண்டா இதைப் பாடியிருக்கிறார்.

மூலக் குரலைக் கேட்டுக்கொண்டே சப்டைட்டில் படித்தால் போதாதா என்பார்கள். இந்தோனேசியத் திரையரங்குகளில் வெளிநாட்டுப் படங்கள் பெரும்பாலும் அப்படித்தான் ஓடுகின்றன. ஆனால் எழுத்துக் கூட்டிப் படிக்கும் வயதில் இருக்கும் குழந்தையால் வரியைத் துரத்திக்கொண்டே படத்தையும் பார்க்க முடியாது. கூடவே பாடுவது எப்படி? இன்னொரு ஆட்சேபம் சற்று வலுவானது: ஜகார்த்தா இளைஞர்கள் நான், நீ என்பதற்கு 'குவே', 'லோ' என்று பேச, பாட்டில் மட்டும் 'ஆகு', 'காவ்' வருவது செயற்கை அல்லவா? அந்நாட்டு பாப் பாடல்களே காலங்காலமாக 'ஆகு', 'காவ்' என்றுதான் பாடுகின்றன. கேட்பவர் காது அதற்குப் பழகியது. தவிர, வீட்டில் ஜாவானிய மொழியோ சுண்டா மொழியோ பேசும் குழந்தைகள் ஏராளம். 'குவே' என்று பாடினால் மோவானா ஜகார்த்தாக்காரியாகிவிடுவாள். 'ஆகு' என்றால் சுரபாயா, மகாசார் நகரக் குழந்தைகளுக்கும் அவள் பொதுவானவள்.