தீர்ப்பின் முடிவும் அதிகாரத்தின் எல்லையும்

வேலியோரத்து நிலத்துண்டு ஒன்றின்மேல் அயலவர் இருவர் வழக்காடுகின்றனர் எனக் கொள்க. மாவட்ட நீதிமன்றம் விசாரித்துத் தீர்ப்பளிக்கின்றது. தோற்றவர் மேன்முறையீடு செய்து அங்கும் தோற்கின்றார். சில ஆண்டுகள் சென்றபின், அதே துண்டுக்காக, அதே உரிமையைச் சொல்லி, அதே அயலவர்மீது அவர் மீண்டும் வழக்குத் தொடரலாமா? ஆகாது என்கின்றது சட்டம். இலங்கையின் 1889ஆம் ஆண்டுக் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 207ஆம் பிரிவு, மேன்முறையீட்டுக்கு அமைய, நீதிமன்றத்தின் தீர்ப்பாணை வழக்காடிய திறத்தாரிடையே முடிவானது என விதிக்கின்றது.

நீதிபதிகள் தவறமாட்டார்கள் என்பதன்று இவ்விதியின் பொருள். தவற்றைத் திருத்துவதற்கே மேன்முறையீடு உண்டு. ஆயினும் பிணக்கு எதற்கும் ஓர் ஈறு வேண்டும். இல்லையேல் நியாயமுடையவன் வெல்வதை விடுத்து, நெடுங்காலம் செலவு செய்ய வல்லவனே வெல்வான்.

எதிரே நிற்பவர் அயலவராயின் இது எளிது. அரசாங்க அதிகாரியாயின் என்ன செய்வது? அவர் கையில் பொலிசும் சிறைச்சாலையும் உள்ளன. அவருடைய அதிகாரம் எதுவரை செல்லும், அதனை யார் தீர்மானிப்பது என்னும் கேள்விகள் 1937ஆம் ஆண்டில் இலங்கையில் எழுந்தன.

மார்க் அந்தனி பிரேஸ்கேடில் என்னும் இளைஞர் 1936இல் அவுஸ்திரேலியாவிலிருந்து தேயிலைத் தோட்டத் தொழில் பழக வந்தார். தோட்டத் தொழிலாளரின் நிலை கண்டு அவர்கள் பக்கம் சார்ந்தார். லங்கா சமசமாஜக் கட்சியிற் சேர்ந்து மேடைகளிற் பேசினார். தேசாதிபதி சேர் ரெஜினோல்ட் ஸ்டப்ஸ், ஏப்ரல் 24ஆந் தேதி மாலை ஆறு மணிக்குள் அவர் நாட்டைவிட்டு நீங்கவேண்டுமெனக் கட்டளையிட்டார். அவரோ மறைந்துகொண்டு, மே 5ஆந் தேதி காலிமுகத்திடலிற் கூடிய பெருங்கூட்டத்தில் தோன்றிப் பேசினார். பின்னர் கைதானார். ஆட்கொணர்வு மனு உயர் நீதிமன்றத்துக்குச் சென்றது; அவருக்காக எச். வி. பெரேரா வாதாடினார்.

பிரதம நீதியரசர் சேர் சிட்னி ஏப்ரகாம்ஸ் முதலான நீதியரசர்கள், அவ்விளைஞரின் கொள்கை நல்லதா, தேசாதிபதியின் எண்ணம் விவேகமானதா என்று ஆராயவில்லை. இந்தக் கட்டளையிடச் சட்டம் அதிகாரம் அளித்ததா என்ற ஒன்றையே ஆராய்ந்தனர். தேசாதிபதி ஆதாரமாகக் கொண்டது 1896ஆம் ஆண்டின் அரச கட்டளை. அதிலுள்ள அதிகாரம் நெருக்கடி காலத்துக்கு உரியது. அத்தகைய நெருக்கடி எதுவும் அப்போது இருக்கவில்லை. ஆகவே கட்டளை செல்லாது, காவலும் சட்டத்துக்கு மாறானது என மே 18ஆந் தேதி தீர்ப்பாயிற்று. பிரேஸ்கேடில் விடுதலையானார். அவ்வாண்டின் பிற்பகுதியில் அவர் இலங்கையைவிட்டுச் சென்றார். ஆனால் அந்தக் கட்டளைக்குப் பணிந்து அன்று.

இவ்வெல்லை எப்போதும் ஒரேயிடத்தில் நின்றதில்லை. புடைவைக் கட்டுப்பாட்டதிகாரி ஒரு வணிகரின் அனுமதிப் பத்திரத்தை நீக்கிய வழக்கில், அது நீதிமுறைச் செயலன்று, எனவே நீதிமன்றம் அதனை எழுத்தாணை மூலம் இரத்துச் செய்ய இயலாது எனக் கோமறைக் கழகம் 1950இல் தீர்த்தது. அக்குறுகிய நோக்கை இங்கிலாந்தின் பிரபுக்கள் சபை 1963இல் வேறொரு வழக்கிற் கண்டித்தது.

இன்று 1978ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரை, எழுத்தாணை வழங்கும் அதிகாரத்தை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அளிக்கின்றது. அடிப்படை உரிமை மீறப்பட்டவர், 126ஆம் உறுப்புரையின்படி, ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தை நாடவேண்டும்.

ஒன்று நினைவிற் கொள்ளத் தக்கது. எழுத்தாணை வழங்கும் நீதிமன்றம் அதிகாரியின் ஆசனத்தில் அமர்வதில்லை. கட்டளை இரத்தானபின்பு, சட்டம் காட்டும் வழியில் அவர் மீண்டும் ஆராய்ந்து முடிவுசெய்யலாம். ஆனால் இரத்தான கட்டளையை அதே குறையோடு வேறு கடிதத்தில் எழுதி அனுப்ப அவருக்கு உரிமையில்லை. தீர்ப்பு தவறெனக் கருதினால், வேலியோரத்து அயலவரைப் போலவே அவருக்கும் உள்ள வழி மேன்முறையீடே. அவ்வழி முடிந்தபின் தீர்ப்புக்கு அடங்குவது அவர் கடமை. அடங்காமை நீதிமன்ற அவமதிப்பாகும். நீதிமன்றத்துக்குச் சொந்தமாகப் படை எதுவுமில்லை. அதிகாரமுடையோர் தீர்ப்புக்கு அடங்கும் பழக்கமே, அதிகாரமற்றவனுக்கு அத்தீர்ப்பைப் பயனுடையதாக்குகின்றது.