வாய்தா எதற்காகத் தள்ளிப்போனது?

எட்டு வருடமாக இழுக்கும் அடிதடி வழக்கு என்று மஞ்சள் பையோடு வருகிறார்கள். பைக்குள் எஃப்.ஐ.ஆர். நகல் இருக்கும், குலதெய்வக் கோயில் விபூதியும் இருக்கும். வாய்தாக்கள் ஏன் தள்ளிப்போயின என்று காட்டும் ஒரே ஒரு தாள் இருக்காது. "ஹைகோர்ட்டில் ஒரு மனு போட்டு ஆறு மாசத்தில் முடிக்கச் சொல்லுங்க சார்!"

வழி இருக்கிறது. கீழமை நீதிமன்றங்களில் வழக்குகள் விரைந்து முடிவதை மேற்பார்வையிடுவது உயர்நீதிமன்றத்தின் கடமை என்கிறது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 529-வது பிரிவு. மனு போடுவது 528-வது பிரிவில். வக்கீல்கள் 'கிரிமினல் ஓ.பி.' என்பார்கள். விரைவான விசாரணை அடிப்படை உரிமை என்பது 1979-இல் பீகார் கைதிகளின் ஹுசைனாரா காத்தூன் வழக்கிலேயே முடிவான விஷயம்.

ஆனால் 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, கீழமை நீதிமன்றத்துக்குக் கெடு விதிப்பதைச் சாதாரணமாகச் செய்யக்கூடாது, விதிவிலக்கான சூழலில் மட்டுமே செய்யலாம் என்றுவிட்டது. 'வழக்கு பழசு' என்று மொட்டையாக எழுதினால் இனி எடுபடாது.

எனவே முதலில் இ-கோர்ட்ஸ் செயலியில் சி.என்.ஆர். எண்ணைப் போட்டு ஒவ்வொரு வாய்தாவும் எதற்காக என்று பாருங்கள். அது போதாது. வழக்கு நடக்கும் நீதிமன்றத்திலேயே நகல் மனு போட்டு, தினசரி நடவடிக்கைக் குறிப்புகளின் சான்றிட்ட நகலை வாங்குங்கள். சிவப்புப் பேனாவை எடுத்துக்கொண்டு உட்காருங்கள். போலீஸ் சம்மனைச் சார்பு செய்யவில்லையா? நீதிபதி பணியிடம் காலியா? உங்கள் வக்கீலே அவகாசம் கேட்டாரா? கடைசிக் கேள்விக்கு விடை தெரிந்ததும் பலர் பையை மடித்துக்கொண்டு போய்விடுகிறார்கள்.

எதிர்த்தரப்பு வாய்தா கேட்கும்போதெல்லாம் அங்கேயே எழுத்தில் ஆட்சேபியுங்கள். 346-வது பிரிவின்படி, கைமீறிய காரணம் இருந்தாலும் ஒரு தரப்புக்கு இரண்டு வாய்தாவுக்கு மேல் கிடையாது. இதை எழுத்தில் காட்டும் பழக்கம் நம்மிடம் இல்லை. கேட்கிற பழக்கம் நீதிமன்றங்களிடம் இல்லை. அந்த ஆட்சேபணை நகல்கள்தான் உயர்நீதிமன்றத்தில் உங்கள் பலம்.

உங்கள் பேரில் பிடிவாரண்ட் நிலுவையில் இருந்தால் முதலில் அதை ரத்து செய்யுங்கள். மீண்டும் சொல்கிறேன், முதலில் அதை. தலைமறைவாக இருந்துகொண்டு தாமதம் என்று புலம்பினால் நீதிபதிக்குக் கோபம்தான் வரும்.

உள்ளே இருப்பவருக்கு வேறு வழியும் உண்டு. மரணமோ ஆயுளோ தண்டனையாக வரக்கூடிய குற்றமில்லை, வேறு வழக்கும் நிலுவையில் இல்லை என்றால், அதிகபட்ச தண்டனையில் பாதியை, முதல் குற்றமானால் மூன்றில் ஒரு பங்கை, கழித்ததும் 479-வது பிரிவில் ஜாமீன் கேட்கலாம். நீதிமன்றத்துக்கு எழுத வேண்டியது சிறைக் கண்காணிப்பாளர். எழுதினாரா என்று நீங்கள்தான் துரத்த வேண்டும். வக்கீலுக்குப் பணமில்லையென்றால் 15100-ஐ அழையுங்கள். காவலில் இருப்பவருக்கும் பெண்களுக்கும் வருமான வரம்பில்லாமல் இலவச சட்ட உதவி உண்டு.

உயர்நீதிமன்றத்தில் கெடு விதித்து உத்தரவு கிடைத்த பிறகும் ஒரு வேலை பாக்கி. அது தானாகப் போய்ச் சேரும் என்று நம்பாதீர்கள். சான்றிட்ட நகலை வாங்கி, கீழமை நீதிமன்றத்தில் ஒரு மெமோவோடு தாக்கல் செய்து, அடுத்த வாய்தாவில் நேரில் எழுந்து நின்று சொல்லுங்கள். உத்தரவை வீட்டுப் பீரோவில் பூட்டி வைத்துவிட்டு, கெடு முடிந்த பிறகு வந்து நின்றவர்களை நான் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன்.