நாட்காட்டியில் இல்லாத நாள்

"எந்தத் திகதியில காணாமப் போனார் தங்கச்சி?"

"வெள்ளாமை வெட்டுற காலம், ஐயா. பெரியவன் தவழ்ந்து திரிஞ்ச நேரம்."

"அப்பிடி எழுத ஏலாது. திகதி சொல்லுங்க."

எமது பகுதிப் பெண்கள் பலருக்கு இந்த உரையாடல் பழக்கமானது. படிவத்தில் நாள், மாதம், வருடம் என்று மூன்று கட்டங்கள் இருக்கும். எமக்கோ சூறாவளி அடித்த வருடம், தொண்ணூறாம் ஆண்டுப் பிரச்சினை, சுனாமிக்கு முந்தின மாரி என்றுதான் காலம் மனதில் நிற்கிறது. இதைக் கேட்டுச் சிலர் சிரிக்கிறார்கள். ஆனால் சுவரில் தொங்கும் கலண்டரும் மனிதர் கூடிப் பேசி வைத்துக்கொண்ட கணக்குத்தான். அதை மாற்றியும் இருக்கிறார்கள். எமது நாட்டிலேயே நடந்தது.

வயதான அம்மாமாரிடம் கேட்டுப் பாருங்கள், ஞாயிற்றுக்கிழமையிலும் பாடசாலைக்குப் போன காலத்தைச் சொல்வார்கள். டட்லி சேனநாயக்க பிரதமராக இருந்தபோது, 1966இல், ஞாயிறு விடுமுறை எடுபட்டு, போயா நாட்கள் வார விடுமுறையாயின. பூரணை, அமாவாசை, இடையில் வரும் இரண்டு அட்டமிகள் என்று மாதத்துக்கு நான்கு. ஆனால் நிலவின் மாதம் இருபத்தொன்பதரை நாள். அதை நான்காகப் பிரித்தால் சரியாக ஏழு வராது. ஆகவே ஒரு வாரம் ஏழு நாள், அடுத்த வாரம் எட்டு நாள் என்று இழுபட்டது. லீவு இந்த முறை செவ்வாய் என்றால் அடுத்த முறை புதன். பூசைக்குப் போக வேண்டிய கிறிஸ்தவர்கள் ஞாயிறன்று வேலைக்குப் போனார்கள். வெளிநாடுகளோடு வியாபாரம் செய்தவர்களுக்கோ, அங்கே கடை திறந்த நாளில் இங்கே பூட்டு. 1971இல் இந்த முறை கைவிடப்பட்டது. பூரணை விடுமுறை மட்டும் இன்றும் மிஞ்சியிருக்கிறது.

அரசாங்கமே கட்டிய கணக்கு, ஆறு வருடம்கூட நிற்கவில்லை.

மற்றது எமக்கு இன்னும் நெருக்கமானது. 1996 மே மாதம், மின்சாரத் தட்டுப்பாட்டுக்காக, நாட்டின் கடிகாரங்கள் ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளப்பட்டன. ஒக்ரோபரில் அரை மணித்தியாலம் திருப்பப்பட்டது. மீதி அரை மணி 2006 ஏப்ரல் வரை அப்படியே இருந்தது. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த இடங்கள் இந்த மாற்றத்தை ஏற்கவில்லை. ஆகவே வலையிறவுப் பாலத்தைக் கடந்து வவுணதீவுக்கு அப்பால் படுவான்கரைக்குள் போனால் பழைய நேரம், எழுவான்கரைக்குத் திரும்பினால் புதிய நேரம். ஆஸ்பத்திரிக்கு ஒன்பது மணி என்றால் எந்த ஒன்பது மணி என்று கேட்டுத்தான் வெளிக்கிட வேண்டும். சோதனைச் சாவடியில் நின்ற நேரத்தை எந்தக் கடிகாரமும் கணக்கில் எடுக்கவில்லை என்பது வேறு கதை.

இனி, எமது பஞ்சாங்கத்துக்கு வருவோம். அதிலும் வாக்கியம், திருக்கணிதம் என்று இரண்டு. சில வருடங்களில் புத்தாண்டு பிறக்கும் நேரமே இரண்டிலும் வேறுபடும். பிரபவ முதல் அட்சய வரை அறுபது வருடங்களுக்குப் பெயர் உண்டு. சூறாவளி அடித்த 1978 கார்த்திகை காளயுக்தி வருடத்தில் வந்தது. சுனாமி வந்தது தாரண வருடம், மார்கழிப் பூரணையன்று.

திவசத்துக்கு நாம் பார்ப்பது திகதியை அல்ல, திதியை. வளர்பிறையில் பதினைந்து, தேய்பிறையில் பதினைந்து என்று முப்பது திதிகள். ஒரு திதி சரியாக இருபத்துநாலு மணித்தியாலம் நிற்காது. சில வேளை இருபது, சில வேளை இருபத்தாறுக்கும் மேல். அதனால்தான் ஆட்டைத்திவசம் வருடத்துக்கு வருடம் வேறு திகதியில் வருகிறது. இறந்த திகதியும் ஏறக்குறைய நேரமும் தெரிந்தால், அந்த வருடப் பஞ்சாங்கத்தைப் பார்த்து ஐயர் திதியைச் சொல்லிவிடுவார். காலையில் ஒரு திதியும் மாலையில் இன்னொன்றும் இருக்கலாம் என்பதால் நேரத்தையும் சொல்லுங்கள்.

திதி தெரியாவிட்டால்? அமாவாசையில் செய்யலாம் என்ற வழக்கு உண்டு. தகப்பனுக்கு ஆடி அமாவாசை, தாய்க்குச் சித்திரா பௌர்ணமி. ஆடி அமாவாசையன்று அமிர்தகழி மாமாங்கேஸ்வரர் தீர்த்தக்கரையில் எத்தனை ஆயிரம் பேர் கூடுகிறார்கள் என்பது எமக்குத் தெரியும். நாள் தெரியாத எத்தனையோ மரணங்களுக்கு அந்த ஒரு நாள் இடம் கொடுக்கிறது.

ஆனால் காணாமற்போனவரின் மனைவிக்கு இதுவும் பொருந்தாது. எள்ளும் தண்ணீரும் இறைத்தால் அவர் இறந்துவிட்டார் என்று தன் வாயாலேயே சொன்னதாகிவிடும். "செய்து முடி, ஆத்மா அலையும்" என்று சொந்தக்காரர் ஒரு பக்கம். "பொட்டை ஏன் இன்னும் வைக்கிறாய்" என்று ஊர் மறு பக்கம். மரண அத்தாட்சிப் பத்திரம் எடுத்தால்தான் உதவி என்ற நெருக்குதலும் பல காலம் இருந்தது. 2016இல் சட்டம் திருத்தப்பட்டு, இறந்துவிட்டார் என்று சொல்லாமல் காணக்கிடைக்கவில்லை என்று மட்டும் சொல்லும் சான்றிதழ் ஒன்று வந்தது. நலத்திட்ட உதவிக்கு விண்ணப்பிப்பது போன்ற தேவைகளுக்கு அதைப் பயன்படுத்தலாம். அதை எடுப்பதால் தேடலைக் கைவிட்டதாக ஆகாது. இதை அறியாத சகோதரிகள் இன்னும் இருக்கிறார்கள். பிரதேச செயலகத்தில் கேளுங்கள்.

வாரத்தையும் நேரத்தையுமே மனிதர் மாற்றியிருக்கும்போது, ஒரு வீட்டுக்கு அதன் சொந்த நாளை வைத்துக்கொள்ள உரிமை இல்லையா? திவசமாக அல்ல, நினைக்கும் நாளாக. அந்த நாள் எது, அன்றைக்கு என்ன செய்வது என்பதைத் தீர்மானிக்க வேண்டியவள் அந்தப் பெண்தான்.

முதலில் சொன்ன பெண்ணிடம் பிறகு கேட்டேன், என்ன செய்கிறீர்கள் என்று.

"வெள்ளாமை வெட்டி, புது நெல்லு வீட்டுக்கு வந்த அண்டைக்குச் சோறாக்குவன். ஒரு வருசம் மாசியில வரும், ஒரு வருசம் பங்குனியில வரும். அவருக்கு ஒரு கோப்பை போட்டு மூடி வைப்பன். படையல் இல்ல, புள்ள. வந்தால் சாப்பிடுறதுக்கு."