ஏலம் போடுகிறவர் யார் வீட்டு ஆள்?

வாசல் கதவில் நோட்டீசு ஒட்டியிருக்கிறது. வீடு ஏலத்துக்கு வருகிறது!

கடன் வாங்கியவர் கூட்டுறவு பாங்கிக்கு ஓடுகிறார். "வட்டிக் கணக்கு தவறு, ஐயா" என்கிறார். எதிரே இருப்பவர் கணக்குப் புத்தகத்தைப் புரட்டுகிறார். நோட்டீசில் கையெழுத்துப் போட்டவர் அவரே. ஏலம் நடத்தப் போகிறவரும் அவரே. அவருக்குச் சம்பளம் கொடுப்பது யார்? அதே பாங்கி!

இது கற்பனைக் காட்சிதான். ஆனால் சட்டத்தில் இதற்கு இடம் இருக்கிறது.

ஒரே ஆளுக்கு இரண்டு வேலை

மராட்டிய மாநிலத்தைப் பாருங்கள். அங்கே 1960-ம் ஆண்டின் கூட்டுறவுச் சங்கச் சட்டம் இருக்கிறது. கடன் பாக்கி இவ்வளவு என்று பதிவாளர் சான்றிதழ் கொடுத்தால் போதும். சிவில் கோர்ட்டுக்குப் போக வேண்டாம். சொத்தை ஜப்தி செய்யலாம். இது 101-வது பிரிவு.

ஜப்தி செய்யும் அதிகாரம் பதிவாளருடையது. அதை அவர் இன்னொருவரிடம் ஒப்படைக்கலாம். இது 156-வது பிரிவு. இதன்படி பாங்கி ஊழியர்களுக்கே "வசூல் அதிகாரி" என்ற பதவி கிடைக்கிறது. காலையில் அவர் பாங்கி ஊழியர். மாலையில் சர்க்கார் அதிகாரத்தோடு வீட்டு வாசலில் நிற்கிறார்!

பாங்கியின் பக்கமும் நியாயம் உண்டு. அங்கே கிடப்பது ஏழை எளியவர்கள் போட்டு வைத்த பணம். கோர்ட்டு வழக்கு வருஷக் கணக்கில் இழுத்தால், அந்தப் பணம் என்ன ஆவது? அதற்காகத்தான் இந்தக் குறுக்கு வழி. வழி குறுகலானதில் தவறு இல்லை. வழக்காடுகிறவரே வழியை அடைத்துக்கொண்டு நிற்பதுதான் தொல்லை.

வேண்டியவர் என்றால்?

இதற்கு நேர்மாறான ஆபத்தும் உண்டு. பாக்கிக்காரர் நிர்வாகிகளுக்கு வேண்டியவராக இருந்தால், நோட்டீசே போகாது!

2019-ல் மும்பையில் பி.எம்.சி. கூட்டுறவு பாங்கி முடங்கியது. கொடுத்த கடனில் 70 சதவீதத்துக்கு மேல் ஒரே கட்டிடக் கம்பெனிக் குழுமத்திடம் சிக்கியிருந்தது. பாங்கித் தலைவராக இருந்தவர், அந்தக் குழுமத்தின் கம்பெனியில் முன்பு டைரக்டராக இருந்தவர். பணம் போட்டவர்கள் முதலில் 1,000 ரூபாய்க்கு மேல் எடுக்க முடியாமல் தவித்தார்கள். இத்தனைக்கும், நகரக் கூட்டுறவு பாங்கிகள் தங்கள் டைரக்டர்களுக்கும் அவர்களுடைய உறவினருக்கும் கடன் கொடுக்கக் கூடாது என்று ரிசர்வ் பாங்கி 2003-லேயே தடை போட்டிருந்தது.

வெளியே ஒரு கதவு

கடன் வசூலுக்கு 2002-ம் ஆண்டின் "சர்பாசி" சட்டமும் இருக்கிறது. கூட்டுறவு பாங்கிகளும் அதைப் பயன்படுத்தலாம் என்று 2020 மே 5-ந் தேதி சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது.

இதன்படி முதலில் 60 நாள் நோட்டீசு வர வேண்டும். கடன்காரர் ஆட்சேபம் எழுதிக் கொடுக்கலாம். ஏற்க முடியாது என்றால், 15 நாளுக்குள் காரணம் சொல்லிப் பதில் வர வேண்டும். பதில் சொல்வது யார்? இங்கேயும் பாங்கிதான்! விவசாய நிலத்தை இந்தச் சட்டம் தொடாது.

ஆனால் சொத்தைக் கைப்பற்றினால், கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். அங்கே உட்கார்ந்திருப்பவர் பாங்கியின் ஆள் அல்ல.

ஏலத்திலும் இந்த வேலி புதிதல்ல. கோர்ட்டு ஏலத்தில் வேலை பார்க்கும் எந்த அதிகாரியும், நேராகவோ மறைவாகவோ ஏலம் கேட்கக் கூடாது. 1908-ம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டத்திலேயே இது இருக்கிறது. அச்சுக் கம்பெனி மானேஜர் லாட்டரியில் சீட்டு வாங்கலாமா? அதே விஷயம்தான்.

தீர்ப்பாயத்துக்குப் போகக் கெடு 45 நாள். பலர் நோட்டீசைப் பயந்து மடித்துப் பெட்டியில் வைத்துவிடுகிறார்கள். படிக்கத் தெரிந்த பிள்ளை வீட்டில் இருந்தால், முதலில் அதில் உள்ள தேதியைப் பார்க்கச் சொல்லுங்கள்.