கத்தரிக்கோலும் ஒரு முதல்தான்

பதுளை பசார் வீதியில் கல்யாண வீடியோக்களைத் தொகுத்துக் கொடுக்கும் எனது ராத்தாவின் மகன், அதையே முறையாகப் படிக்கப் போவதாகச் சொன்னபோது, "வருமானம் உண்டா?" என்றுதான் கேட்டேன். வியாபாரி வேறென்ன கேட்பான்?

அவன் உதாரணம் காட்டியது சென்னையின் ஸ்ரீகர் பிரசாத்தை. தகப்பன் சஞ்சீவியும் படத்தொகுப்பாளர். நமது கடைப் பிள்ளைகளைப் போல வீட்டிலேயே தொழில் இருந்தது. 'ஆர்ஆர்ஆர்', 'பொன்னியின் செல்வன்' எனக் கோடிகள் புரளும் படங்களைத் தொகுத்த அதே கைதான், நம் நாட்டு பிரசன்ன விதானகேயின் சிறு படங்களையும் தொகுக்கிறது. பெரிய ஓடர் வாடகையைக் கட்டும், சிறியது பெயரைத் தரும். 2022 நெருக்கடியைப் பேசி, 2023இல் பூசான் விழாவில் விருது பெற்ற 'பரடைஸ்' அவற்றில் ஒன்று.

2012இல் வந்த 'ஒப நெத்துவ ஒப எக்க' படத்தை மருமகனோடு பார்த்தேன். மலையகத்தில் அடகுக்கடை நடத்தும் சிங்களவர், நகை அடகு வைக்க வரும் தமிழ்ப் பெண்ணை மணக்கிறார். பசறை, லுணுகலைத் தோட்டங்களிலிருந்து சம்பளத்துக்கு முன் தோடும் கையுமாக பஸ் இறங்கும் பெண்களை நானும் பார்ப்பவன். வட்டியை அல்லாஹ் ஏன் தடுத்தான் என்பது அந்தக் கடைக் காட்சிகளில் நெஞ்சில் தைத்தது.

பல மணி நேரக் காட்சிகளை ஒன்றரை மணி நேரத்துக்குள் அடக்குகிறார்கள். ஓடாத சரக்கைத் தள்ளத் தெரியாமல் ராக்கையை நிரப்பி வைத்திருக்கும் எனக்கு அது லேசில் வராது.

மருமகனுக்குக் கொம்பியூட்டர் வாங்கப் பணம் கொடுத்துவிட்டேன். தவணை முறையில், வட்டியில்லாமல்.