சிரிப்பொலி அடங்கிய இல்லம்

அமெரிக்கத் தொலைக்காட்சியின் நகைச்சுவைக் கணவன் எப்படியிருப்பான் என்பதை நேயர்கள் நன்கு அறிவர். உரத்த குரல், அசட்டுத் திட்டங்கள், அருகிலே எல்லாவற்றையும் பொறுக்கும் மனைவி. 1955இல் தனித் தொடராக வந்த 'ஹனிமூனர்ஸ்' நாடகத்திலே பஸ் சாரதி ரால்ப், மனைவியைச் சந்திர மண்டலத்துக்கே அடித்து அனுப்புவதாகக் கை ஓங்குவான். அடித்ததில்லை, ஆயினும் சபையோர் சிரித்தனர்.

அந்தச் சிரிப்பையே குற்றக் கூண்டில் ஏற்றியது, வலரி ஆம்ஸ்ட்ரோங் என்னும் பெண்மணி படைத்து ஏ.எம்.ஸி. நிலையம் 2021இல் ஒளிபரப்பத் தொடங்கிய தொடர். தலைப்பிலே கணவன் கெவினின் பெயரோடு ஒரு வசைச்சொல் ஒட்டியிருப்பதால் அதனை இங்கே தருவதற்கில்லை.

களம் மசச்சூசெட்ஸ் மாநிலத்து வூஸ்டர் நகரம். கெவின் நிற்கும் அறை எப்போதும் பளிச்சென்றிருக்கும்; அவன் வாய் திறந்தால் சிரிப்பொலி எழும். மனைவி அலிசன் (நடிப்பவர் அனி மர்பி) அடுக்களைக்குள் நுழைந்ததும் ஒளி மங்கும், சிரிப்பு அறுந்துபோகும். சேமிப்புப் பணத்தை அவன் கரைத்துவிட்டதை அவள் அறிவது அந்த இருளிலேதான். முதற் தொகுதியிலே அவனைக் கொல்லவும் துணிகிறாள்.

2022 ஆகஸ்டில் ஆரம்பித்து ஒக்டோபரில் நிறைவுற்ற எட்டு அங்கங்களே இறுதித் தொகுதி. இதில் அவள் கொலையெண்ணத்தை விட்டுத் தானே இறந்துவிட்டதாக நாடகமாடித் தப்ப முயல்கிறாள். ஏன் விவாகரத்துக் கேட்கவில்லை என வினவுவோர் உண்டு. அவ்வினாவுக்கு விடையை இறுதி அங்கமே காட்டுகிறது. ஆறு மாதங்கள் மறைந்திருந்தவள் திரும்பி வந்து, நேருக்கு நேராக விவாகரத்துக் கேட்கிறாள். கெவின் வழமைபோல் கேலி பேசுகிறான். திடீரெனச் சிரிப்பொலி நிற்கிறது, ஒளி மங்குகிறது. இத்தனை அங்கங்களிலே முதன்முறையாக அவனை அவள் கண்டவாறே நாமும் காண்கிறோம். வேடிக்கை மனிதன் அங்கே இல்லை. மிரட்டும் ஒருவனே நிற்கிறான். எரிக் பீட்டர்சன் குரலை அதிகம் மாற்றவில்லை என்பதே நம்மை நடுங்க வைக்கிறது. அந்தச் சொற்களை முன்னரும் கேட்டிருக்கிறோம்; அப்போது சிரித்திருக்கிறோம்.

அதன்பின் அவளுடைய பொருள்களுக்கு அவன் இட்ட தீ வீட்டையும் அவனையுமே விழுங்கிவிடுகிறது. இம்முடிவு எமக்கு முழுத் திருப்தி தரவில்லை. வாசலைத் தாண்டி வந்தவளின் வெற்றி ஒரு விபத்தின் தயவில் நின்றிருக்க வேண்டியதில்லை. அவளும் அயல்வீட்டுத் தோழியும் கொண்ட நட்போ, தொடரின் எந்தக் காதலையும்விட உறுதியாக எழுதப்பட்டிருக்கிறது.

கல்லூரி மாணவர் பார்க்கலாம்; பெற்றோர் அவசியம் பார்க்கலாம். சிறுவரை அருகில் வைத்துக்கொண்டு மட்டும் வேண்டாம். வசை தலைப்போடு நிற்கவில்லை.