விடியோ கேம் வாங்கிய பணம் திரும்பக் கிடைக்குமா? கடையின் கெடு 2 மணி நேரம். சட்டத்தின் கெடு 2 ஆண்டுகள்

திருவனந்தபுரம் கிழக்கேகோட்டையில் பேருந்தை விட்டு இறங்கியதும் சாலை பஜார் தொடங்கிவிடுகிறது. தலைமுறை தலைமுறையாகத் தமிழ் வணிகர்களும் மலையாள வணிகர்களும் அருகருகே கடை நடத்தும் இடம் அது. அங்கு வாங்கிய பிரஷர் குக்கரில் ஆவி கசிந்தாலும், குடையின் கம்பி முதல் மழையிலேயே வளைந்தாலும், மறுநாள் பொருளையும் ரசீதையும் எடுத்துக்கொண்டு கடைக்காரர் முன் நிற்கலாம். அவர் முணுமுணுக்கக்கூடும், மாற்றித் தரவும் கூடும். எப்படியானாலும் முறையிட ஒரு கடை இருக்கிறது. பதில் சொல்ல ஒரு முதலாளி இருக்கிறார்.

அதே கிழக்கேகோட்டையில் வசிக்கும் ஒரு கல்லூரி மாணவர், பல மாதங்களாகச் சேர்த்த 4,000 ரூபாயில் இணையம் வழியாக ஒரு கணினி விளையாட்டை வாங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். பதிவிறக்கம் முடியவே அரை நாள் ஆகிறது. திறந்தால் விளையாட்டு பாதியில் நின்றுவிடுகிறது. விளம்பரத்தில் காட்டிய காட்சிகள் திரையில் இல்லை. அவர் யாரிடம் போய்க் கேட்பது? விற்ற நிறுவனத்தின் தலைமையகம் அமெரிக்காவிலோ ஜப்பானிலோ இருக்கிறது. பணம் கேட்டு விண்ணப்பித்தால், "எங்கள் விதிமுறைகளின்படி உங்களுக்குத் தகுதியில்லை" என்ற பொருளில் இயந்திரம் எழுதிய பதில் வருகிறது. பெரும்பாலானோர் அத்துடன் விட்டுவிடுகின்றனர்.

அப்படி விட்டுவிட வேண்டியதில்லை. நிறுவனம் தன் விதிமுறையில் குறிப்பிடும் கெடு வேறு. தில்லியில் நாடாளுமன்றம் இயற்றிய சட்டம் நுகர்வோருக்குத் தரும் கெடு வேறு. இந்த வேறுபாட்டை அறியாததால்தான் பலர் தங்கள் பணத்தை இழக்கின்றனர்.

கடையின் கடிகாரம்: கணினி விளையாட்டு விற்பனையில் உலகின் மிகப் பெரிய தளமான ஸ்டீம், 2015 ஜூன் மாதம் பணத்தைத் திருப்பித் தரும் திட்டத்தை அறிவித்தது. வாங்கிய 14 நாள்களுக்குள், 2 மணி நேரத்துக்கும் குறைவாக விளையாடியிருந்தால், எந்தக் காரணத்துக்காகவும் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். எபிக் நிறுவனத்தின் தளமும் ஏறத்தாழ இதே அளவுகோலைப் பின்பற்றுகிறது. சோனியின் பிளேஸ்டேஷன் கடையில் 14 நாள் அவகாசம் உண்டு. ஆனால், பதிவிறக்கத்தைத் தொடங்கிவிட்டால், பொருளில் குறை இருந்தாலன்றி அந்தச் சலுகை பொருந்தாது. கூகுள் பிளேயில் முதல் 48 மணி நேரத்துக்குள் கூகுளிடமே கேட்கலாம். அதன் பிறகு பெரும்பாலும் விளையாட்டை உருவாக்கியவரைத்தான் நாட வேண்டும். ஜிஓஜி என்ற தளம் மட்டும், விளையாடத் தொடங்கிய பிறகும் 30 நாள் வரை அவகாசம் தருகிறது.

இவையெல்லாம் நிறுவனங்கள் தாமாக முன்வந்து தரும் சலுகைகள். "வாங்கிவிட்டேன், பிடிக்கவில்லை" என்று மனம் மாறுபவருக்கு இவை பேருதவி. அவ்வாறு மனம் மாறியவருக்குப் பணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்று இந்தியச் சட்டம் கட்டாயப்படுத்தவில்லை. எனவே, பிடிக்காமல் போனால் கடையின் கடிகாரத்தைப் பார்த்துத்தான் ஓட வேண்டும். பதிவிறக்கம் செய்த அன்றே சிறிது நேரம் ஓட்டிப் பார்த்துவிடுவது நல்லது. பண்டிகைத் தள்ளுபடியில் வாங்கி, மூன்று மாதம் கழித்துத் திறந்து பார்ப்பவருக்கு இந்தச் சலுகை கிடைக்காது.

ஆனால், பொருளே பழுது என்றால் அது வேறு வழக்கு. அங்கு கேட்பது சலுகை அல்ல, உரிமை.

பொருளா, உரிமமா?: நிறுவனங்கள் இதற்கு ஒரு பதில் வைத்திருக்கின்றன. "நாங்கள் பொருளை விற்கவில்லை, பயன்படுத்தும் உரிமத்தை மட்டுமே தருகிறோம்" என்பது அது. குறுந்தகட்டில் விளையாட்டு விற்ற காலத்தில், வாங்கியவர் அதை நண்பருக்கு இரவல் தரலாம். பழைய பொருள் கடையில் விற்கலாம். பதிவிறக்கத்தில் அது இயலாது. யுபிசாஃப்ட் நிறுவனம் தி க்ரூ என்ற கார் பந்தய விளையாட்டின் சர்வர்களை 2024 மார்ச் 31-ல் நிறுத்தியபோது, காசு கொடுத்து வாங்கியவர்களாலும் அதைத் தொடர்ந்து ஆட முடியாமல் போனது. இத்தகைய நிலைக்குப் பிறகே, உரிமத்தை மட்டும் தரும்போது அதைத் தெளிவாகச் சொல்லாமல் "வாங்குங்கள்" என்று விளம்பரம் செய்யக் கூடாது என்ற சட்டம் அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலத்தில் 2025 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது.

இந்தியாவில், குறுந்தகட்டில் விற்கப்படும் மென்பொருள் "சரக்கு" என்றே கருதப்படும் என்று டாடா கன்சல்டன்சி சர்வீசஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2004-ல் தீர்ப்பளித்தது. அது விற்பனை வரி தொடர்பான வழக்கு. பதிவிறக்கத்தைப் பொருத்தவரை, 2019-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் சர்ச்சைக்கு இடம் வைக்கவில்லை. மின்வணிகம் என்பதற்கு அது தரும் விளக்கத்திலேயே "டிஜிட்டல் பொருள்கள்" என்ற சொல் இடம்பெற்றிருக்கிறது. சரக்கு என்றாலும் சேவை என்றாலும், இரண்டுக்கும் அச்சட்டம் பொருந்தும்.

ஆஸ்திரேலியா காட்டிய வழி: கடல் கடந்த நிறுவனத்தை உள்நாட்டுச் சட்டம் கட்டுப்படுத்துமா என்ற கேள்விக்கு ஆஸ்திரேலியா விடை கண்டிருக்கிறது. ஸ்டீம் தளத்தை நடத்தும் அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் மீது, அந்நாட்டின் போட்டி மற்றும் நுகர்வோர் ஆணையம் 2014 ஆகஸ்டில் வழக்குத் தொடுத்தது. பணத்தைத் திருப்பித் தர இயலாது என்று வால்வ் தன் விதிமுறைகளில் எழுதியிருந்ததே வழக்கின் மையம்.

தாங்கள் அமெரிக்க நிறுவனம் என்பதால் ஆஸ்திரேலியச் சட்டம் பொருந்தாது என்றும், விற்றது சரக்கு அல்ல என்றும் வால்வ் வாதிட்டது. 2016 மார்ச்சில் ஃபெடரல் நீதிமன்றம் இரு வாதங்களையும் நிராகரித்தது. பழுதான பொருளுக்குப் பரிகாரம் பெறும் உரிமையை ஒப்பந்தத்தில் எழுதி நீக்கிவிட முடியாது என்பதே தீர்ப்பின் சாரம். அவ்வாண்டு டிசம்பரில் 30 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் அபராதம் விதிக்கப்பட்டது. வால்வ் செய்த மேல்முறையீடு 2017-ல் தள்ளுபடியானது. 2018-ல் அந்நாட்டின் உயர்நிலை நீதிமன்றமும் விசாரிக்க மறுத்துவிட்டது. ஸ்டீமின் 2 மணி நேரத் திட்டம், இந்த வழக்கு நடந்துகொண்டிருந்தபோதுதான் அறிவிக்கப்பட்டது. சோனியின் ஐரோப்பிய நிறுவனத்துக்கும் 2020-ல் 35 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் அபராதம் விதிக்கப்பட்டது.

நிறுவனங்கள் மனது வைத்தால் பணத்தைத் திருப்புவது கடினமான காரியமும் அல்ல. குறைகள் மலிந்திருந்த சைபர்பங்க் 2077 விளையாட்டை 2020 டிசம்பரில் சோனி தன் கடையிலிருந்தே நீக்கி, வாங்கியவர்களுக்குப் பணத்தைத் திருப்பித் தர முன்வந்தது. 2024 ஆகஸ்டில் வெளியான கான்கார்ட் விளையாட்டு இரண்டே வாரங்களில் நிறுத்தப்பட்டபோதும் முழுத் தொகையும் திருப்பித் தரப்பட்டது.

தில்லிச் சட்டம் சொல்வது என்ன?: 2019-ஆம் ஆண்டுச் சட்டம் 2020 ஜூலை 20-ல் நடைமுறைக்கு வந்தது. பழுதான பொருளைத் திரும்பப் பெறவோ, குறைபாடுள்ள சேவையை நிறுத்திக்கொண்டு பணத்தைத் திருப்பித் தரவோ மறுப்பதை, "முறையற்ற வணிக நடவடிக்கை" என்று அது வரையறுக்கிறது. ரசீதில் குறிப்பிட்ட காலத்துக்குள், அப்படி ஏதும் குறிப்பிடாவிட்டால் 30 நாள்களுக்குள், பணம் தரப்பட வேண்டும்.

அதே மாதம் வெளியான மின்வணிக விதிகள் இன்னும் ஒருபடி மேலே செல்கின்றன. இந்தியாவில் நிறுவப்படாத நிறுவனமாக இருந்தாலும், இங்குள்ள நுகர்வோருக்குத் தொடர்ந்து முறையாகப் பொருள்களையோ சேவைகளையோ வழங்கிவந்தால், இவ்விதிகள் அதற்கும் பொருந்தும். குறைதீர் அலுவலர் ஒருவரை நியமிக்க வேண்டும். புகார் கிடைத்ததை 48 மணி நேரத்துக்குள் அவர் ஒப்புக்கொள்ள வேண்டும். ஒரு மாதத்துக்குள் தீர்வு காண வேண்டும். விளம்பரத்தில் சொன்ன அம்சங்கள் பொருளில் இல்லாவிட்டால், விற்பனையாளர் பணத்தைத் திருப்பித் தர மறுக்கக் கூடாது.

வழக்கு வழுதக்காட்டில்: நிறுவனம் செவிசாய்க்காவிட்டால், அடுத்த படி தேசிய நுகர்வோர் உதவி மையம். 1915 என்ற எண்ணில் தமிழ், மலையாளம் உள்பட 17 மொழிகளில் புகார் செய்யலாம். அங்கு நடப்பது சமரச முயற்சி, தீர்ப்பு அல்ல.

தீர்ப்பு வேண்டுவோர் மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தை நாட வேண்டும். முந்தைய 1986-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, எதிர்த் தரப்பினர் தொழில் நடத்தும் இடத்திலோ, வழக்குக்கான காரணம் எழுந்த இடத்திலோதான் வழக்குத் தொடுக்க முடியும். புதிய சட்டமோ, புகார்தாரர் வசிக்கும் இடத்திலேயே வழக்குத் தொடுக்கலாம் என்கிறது. கிழக்கேகோட்டை மாணவர் அமெரிக்காவுக்கோ தில்லிக்கோ செல்ல வேண்டியதில்லை. நகருக்குள்ளேயே வழுதக்காட்டில் உள்ள ஆணையத்தை அணுகினால் போதும். இ-ஜாக்ரிதி இணையதளம் வழியாக வீட்டிலிருந்தபடியே மனுவைத் தாக்கல் செய்யவும் வசதி உண்டு. செலுத்திய தொகை 5 லட்சம் ரூபாய் வரை என்றால் கட்டணம் கிடையாது. வழக்குரைஞரும் கட்டாயமில்லை. வழக்குக்கான காரணம் எழுந்த நாளிலிருந்து 2 ஆண்டுகள் வரை அவகாசம் உண்டு.

விதிமுறைகளில் மத்தியஸ்த ஒப்பந்தம் இருப்பதாக நிறுவனம் கூறலாம். அத்தகைய ஒப்பந்தம் நுகர்வோர் ஆணையத்தின் கதவை அடைத்துவிடாது என்று எம்மார் எம்ஜிஎஃப் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2018 டிசம்பரில் உறுதி செய்துள்ளது. ஆனால், ஒப்பந்தமே நியாயமற்றது என்று வாதிட விரும்புவோர் மாவட்ட ஆணையத்தை அல்ல, மாநில ஆணையத்தை அணுக வேண்டும்.

இதில் சிக்கலே இல்லை என்று சொல்லிவிட முடியாது. வெளிநாட்டு முகவரிக்கு நோட்டீஸ் சென்றடைவதும், கிடைத்த உத்தரவை நிறைவேற்றுவதும் காலம் பிடிக்கும் வேலைகள். எனவே ஆதாரம் முக்கியம். பணம் செலுத்திய ரசீது, பழுது தெரியும் திரைப் படங்கள், விற்பனைப் பக்கத்தில் இருந்த விளம்பர வாசகம், நிறுவனத்துடன் நடந்த கடிதப் போக்குவரத்து ஆகியவற்றை முதல் நாளிலிருந்தே சேமித்து வைக்க வேண்டும். விற்பனைப் பக்கத்தின் வாசகங்கள் பின்னர் மாற்றப்படலாம் என்பதை மறக்கக் கூடாது.

வங்கி வழியாகப் பணத்தை மீட்க முயல்வோரும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அட்டைப் பணத்தை மறுத்துப் புகார் செய்தவர்களின் கணக்குகளை ஃபோர்ட்நைட் விளையாட்டின் உரிமையாளரான எபிக் முடக்கியதாக, அமெரிக்காவின் ஃபெடரல் வர்த்தக ஆணையம் குற்றம்சாட்டியது. ஒரே பொத்தானை அழுத்தியதும் பணம் பறிபோகும் வகையில் திரையை அமைத்திருந்தது என்பதும் அதே வழக்கின் குற்றச்சாட்டு. 2022 டிசம்பரில் அறிவிக்கப்பட்ட உடன்பாட்டின்படி, நுகர்வோருக்குத் திருப்பித் தர 24.5 கோடி டாலர் வழங்க எபிக் ஒப்புக்கொண்டது. இந்தியாவிலும், நுகர்வோரை ஏமாற்றும் இத்தகைய 13 திரை உத்திகளைத் தடை செய்யும் வழிகாட்டு நெறிகள் 2023 நவம்பர் 30-ல் வெளியாகின.

பிள்ளைகள் கை பட்டால்: பெற்றோரின் செல்போனில் பிள்ளைகள் ஆயுதமும் ஆடையும் வாங்கிவிடுவது வீடுதோறும் கேட்கும் புகார். 18 வயது நிரம்பாதவர் செய்யும் ஒப்பந்தம் செல்லாது என்பது 1903-லேயே பிரிவி கவுன்சில் நிலைநாட்டிய சட்டம். ஆனால், கணக்கும் அட்டையும் பெற்றோரின் பெயரில் இருப்பதால், வாங்கியது குழந்தை என்று மெய்ப்பிப்பது எளிதல்ல. தெரிந்தவுடன் அன்றே விண்ணப்பிப்பதும், ஒவ்வொரு முறையும் கடவுச்சொல் கேட்குமாறு செல்போனை அமைத்துவிடுவதுமே நடைமுறைக்கு உகந்த வழி.

பணத்தைத் திரும்பப் பெறும் அவசரத்தில் இன்னொரு குழியில் விழுவோரும் உண்டு. இணையத்தில் தேடிக் கிடைக்கும் "வாடிக்கையாளர் சேவை" எண்கள் பல, மோசடிக் கும்பல்களுடையவை. பணம் பெறுவதற்கு யுபிஐ ரகசிய எண் தேவையே இல்லை. யாரேனும் அதைக் கேட்டால் அது மோசடி. ஏமாந்தவர்கள் உடனே 1930 என்ற எண்ணில் தெரிவிக்க வேண்டும்.

யார் முன்வருவது?: ஆஸ்திரேலியாவில் வழக்குத் தொடுத்தது தனி நபர் அல்ல, அரசின் ஆணையம். அதே போன்ற அதிகாரம் 2020-ல் தில்லியில் அமைக்கப்பட்ட மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையத்துக்கும் உண்டு. பணத்தைக் கூப்பனாக மட்டும் தராமல், வங்கிக் கணக்கில் பெறும் வாய்ப்பையும் பயணிகளுக்குத் தர வேண்டும் என்று வாடகைக் கார் நிறுவனமான ஓலாவுக்கு 2024 அக்டோபரில் அது உத்தரவிட்டது. உதவி மையத்தில் குவிந்த புகார்களே அந்த நடவடிக்கைக்கு அடிப்படை.

விடியோ கேம் வாங்கி ஏமாந்தவர்கள் புகார் செய்யாமல் ஒதுங்கிவிட்டால், குறை இருப்பதே தில்லிக்குத் தெரியாது. 4,000 ரூபாய் என்பது நிறுவனத்துக்குச் சிறு தொகை, மாணவருக்கு அப்படியல்ல. சாலை பஜாரில் பழுதான குடைக்காகக் கடையேறிக் கேட்கத் தயங்காதவர், பழுதான விளையாட்டுக்காகவும் தயங்க வேண்டியதில்லை. கேட்பதற்கான இடம் அவரது ஊரிலேயே இருக்கிறது. கேட்பதற்குக் கட்டணமும் இல்லை.